முதல் வகுப்பில் வாசிப்பு: எழுத்து வரிசையில் தொடங்குவதா, சொல்லில் தொடங்குவதா, கதையில் தொடங்குவதா?

கேள்வி – பொன்னி (கும்பகோணம்)

அனைவருக்கும் வணக்கம். என் மகன் தமிழ்வழியில் முதல் வகுப்பை முடிக்கும் நிலையில் இருக்கிறான். ‘க, கா, கி, கீ’ என்று எடுத்துக்கொடுத்தால் கௌ வரை மூச்சுவிடாமல் ஒப்பிக்கிறான். ஆனால் ‘கிணறு’ என்று தனியாக எழுதிக் காட்டினால், சுவரில் மாட்டியிருக்கும் எழுத்து அட்டவணையின் முன் போய் நின்று, க-வில் விரலை வைத்து, கட்டம் கட்டமாக நகர்த்திக்கொண்டே வந்து, கி-யைத் தொட்ட பிறகுதான் அதன் ஒலியைச் சொல்கிறான். அடுத்து ண-வுக்கும் அதே தேடல். று-வைக் கண்டுபிடிப்பதற்குள் முதலில் சொன்ன எழுத்து மறந்துவிடுகிறது. படம் போட்ட புத்தகம் என்றால் எழுத்தைப் பார்ப்பதே இல்லை. ‘வாளி’ என்று அச்சிட்டிருந்த இடத்தில், படத்தைப் பார்த்துவிட்டு ‘பக்கெட்’ என்று படித்தான்.

வீட்டில் ஆளுக்கொரு கருத்து இருக்கிறது. 247 எழுத்துகளும் மனப்பாடமாகாமல் புத்தகத்தைக் கையில் கொடுக்கக் கூடாது என்கிறார் என் மாமனார். பள்ளியிலோ வரிசையை விட்டுவிட்டு, சில எழுத்துகளை மட்டும் எடுத்துச் சொல்லாகச் சேர்க்கச் சொல்கிறார்கள். இங்கிலாந்தில் இருக்கும் நாத்தனார், அங்கே எழுத்துக்கு எழுத்து ஒலியைச் சொல்லிக் கூட்டிப் படிக்கும் முறைதான் சட்டம் போல நடக்கிறது என்கிறார். கதைப் புத்தகங்களை நிறைய வாசித்துக் காட்டினால் போதும், படிப்பு தானாக வரும் என்று அடுத்த வீட்டுத் தோழி சொல்கிறார். இவற்றில் எது தமிழுக்குப் பொருந்தும்? வகுப்பறையில் பிள்ளைகளோடு பழகியவர்கள் விளக்கினால் நன்றியுடையவளாக இருப்பேன்.

மறுமொழி – செண்பகம் (அரசுத் தொடக்கப்பள்ளி ஆசிரியை)

பொன்னி அம்மா, உங்கள் மகனைப் போல அட்டவணையில் விரலை நகர்த்தும் பிள்ளைகளை ஒவ்வோர் ஆண்டும் என் வகுப்பில் பார்க்கிறேன். அந்த வரிசையில் மூன்றாவதாக வருவது கி என்பது அவனுக்குத் தெரியும். க-வின் தலையில் மேல்விலங்கு என்னும் வளைவுக் குறி (ி) ஏறினால் ‘அ’ ஒலி போய் ‘இ’ ஒலி வரும் என்பது தெரியாது. வாசிப்புக்கு வேண்டியது இந்த இரண்டாவது அறிவு. அது வந்துவிட்டால், கி தெரிந்த பிள்ளை மி, பி, டி ஆகியவற்றை யாரும் சொல்லித்தராமலே படித்துவிடும். 216 உயிர்மெய்களை 216 பொருள்களாக மனத்தில் ஏற்ற வேண்டியதில்லை. 18 மெய்களின் வடிவங்களும், அகரம் நீங்கலான 11 உயிர்களுக்குரிய குறிகளும், அவற்றுள் முரண்டுபிடிக்கும் சிலவும் தெரிந்தால் போதுமானது.

ட, ப, ம என்று பள்ளியில் தொடங்குவதற்குக் காரணம் இருக்கிறது. இவை கோடுகளால் ஆன எளிய வடிவங்கள். ம-வின் மேல் ஒரு புள்ளி வைத்துக் காட்டிவிட்டால் ‘படம்’, ‘மடம்’ என்றும், ட-வுக்கும் அதே புள்ளியை வைத்தால் ‘பட்டம்’, ‘மட்டம்’ என்றும் முதல் வாரத்திலேயே பிள்ளை உண்மையான சொற்களைப் படித்துவிடும். இ, ஈ, ஔ போன்றவை வரைவதற்கே கடினம். அதோடு உயிரெழுத்து பெரும்பாலும் சொல்லின் முதலில் மட்டுமே தன் சொந்த வடிவத்தில் வரும் என்பதால், 12 உயிர்களைக் கற்றுமுடித்த பிள்ளையாலும் ‘ஈ’ போன்ற ஓரெழுத்துச் சொல்லைத் தவிர எதையும் முழுமையாகப் படிக்க முடிவதில்லை.

குறிகளுக்கும் நான் ஓர் ஒழுங்கு வைத்திருக்கிறேன். முதலில் துணைக்கால் (ா), ஏனென்றால் அது எழுத்தின் வலப்பக்கம் தனியாக நிற்கிறது, எந்த மெய்யோடு சேர்ந்தாலும் உருமாறுவதில்லை. (ணா, றா, னா ஆகியவை பழைய அச்சில் வேறு வடிவத்தில் இருந்தன, 1978-இல் தமிழ்நாடு அரசு பெரியாரின் எழுத்துச் சீர்திருத்தத்தை ஏற்ற பிறகு அந்தச் சுமை பிள்ளைகளுக்கு இல்லை.) அடுத்து மேல்விலங்கும் சுழித்த மேல்விலங்கும். உகர, ஊகாரக் குறிகளுக்குத்தான் மிகுந்த நாள்களை ஒதுக்குகிறேன். கு, டு, மு ஒரு வகை, சு, பு, வு ஒரு வகை, து, நு, லு வேறொரு வகை என்று உகரம் ஒன்றே பல உருவங்களில் வருவதால், இந்த இடத்தில் நன்றாகப் படிக்கும் பிள்ளையும் திணறும்.

கொம்புகளை (ெ, ே) கடைசியில் வைக்கிறேன். ‘பெட்டி’ என்பதில் கண்ணில் முதலில் படுவது கொம்பு. வாயில் முதலில் வர வேண்டியதோ ‘ப்’ ஒலி. ‘கொடி’ என்பதில் குறி இரண்டாகப் பிரிந்து மெய்யின் இருபுறமும் நிற்பதால், அதை ‘கெ’ என்றும் பிறகு ஒரு தனித் துணைக்கால் என்றும் பிள்ளைகள் பிரித்துப் பார்க்கிறார்கள். கரும்பலகையில் மெய்யை வெள்ளைச் சுண்ணக்கட்டியாலும் குறியைச் சிவப்பாலும் எழுதி, மெய்யை மட்டும் மாற்றிக்கொண்டே போனால் (கொ, பொ, மொ, தொ) குறியே நிலையான பொருள் என்பது பிடிபடுகிறது. வீட்டில் மின்னட்டை (எழுத்தை எழுதிச் சட்டென்று காட்டும் சிறு அட்டை) செய்து இதையே செய்யலாம். க-வரிசையை இடமிருந்து வலமாக ஓதுவதற்குப் பதில், ஒரே குறியை மேலிருந்து கீழாக எல்லா மெய்களோடும் படிக்கச் செய்யுங்கள். அதையும் கலைத்துப் போட்டுப் படிக்கச் செய்யுங்கள். விரல் அட்டவணைக்குப் போகாது.

ல, ள, ழ மூன்றையும் ஒரே நாளில் அறிமுகப்படுத்த வேண்டாம் என்பதையும் சேர்த்துச் சொல்கிறேன். ஒன்று நன்றாக ஊன்றிய பிறகு அடுத்தது வரட்டும். ந, ன, ண-வுக்கும் ர, ற-வுக்கும் இதுவே பொருந்தும்.

மறுமொழி – தமிழாசிரியர், பணிநிறைவு (திருநெல்வேலி)

ஆசிரியை சொன்ன குறி விளக்கம் செம்மையானது. ஆயினும் வரிசையை அடியோடு கைவிட வேண்டும் என்ற முடிவுக்கு யாரும் வந்துவிடக் கூடாது என்பதால் எழுதுகிறேன். க, ங, ச, ஞ, ட, ண என்னும் நெடுங்கணக்கு வல்லினத்தையும் அதன் இன மெல்லினத்தையும் இணை இணையாக வைத்த ஒலியியல் ஒழுங்கு. ‘தங்கம்’, ‘பஞ்சு’, ‘வண்டி’, ‘பந்து’, ‘கம்பு’ என்று சொற்களில் அந்த இணைகளே சேர்ந்து வருகின்றன. அகராதி பார்ப்பதற்கும் வரிசை வேண்டும். ஆத்திசூடியை எழுத்து வரிசையில் பாடவைத்த பழக்கம் பிள்ளையின் நாவையும் செவியையும் பழக்கியது.

திண்ணைப் பள்ளியில் ஓதுதல் மட்டும் நடக்கவில்லை என்பதையும் நினைவூட்ட விரும்புகிறேன். பிள்ளை மணலில் விரலால் எழுதிக்கொண்டே அந்த எழுத்தைச் சொன்னான். 1789-இல் சென்னை எழும்பூரில் இருந்த படைவீரர்களின் ஆதரவற்ற சிறுவர் இல்லத்தில் பொறுப்பேற்ற ஆண்ட்ரூ பெல் என்னும் பாதிரியார், நம் பக்கத்துப் பள்ளிப் பிள்ளைகள் மணலில் எழுதிப் படிப்பதைக் கண்டு, அதைத் தம் பள்ளியில் புகுத்தி, மூத்த மாணவர் இளையோருக்குக் கற்பிக்கும் முறையோடு சேர்த்து 1797-இல் லண்டனில் நூலாக வெளியிட்டார். ‘மெட்ராஸ் முறை’ என்ற பெயரிலேயே அது இங்கிலாந்தில் பரவியது. இன்று அட்டவணையைச் சுவரில் மாட்டி ஓத மட்டும் வைக்கிறோம். கை வேலை செய்வதில்லை. உங்கள் மாமனார் கற்ற காலத்தில் கையும் சேர்ந்து கற்றது, அம்மா. ஒரு தட்டில் மணலோ அரிசியோ பரப்பிக் கொடுத்து, ஒலியைச் சொல்லிக்கொண்டே எழுதச் செய்யுங்கள்.

மறுமொழி – இளவழகன் (லெஸ்டர்)

இங்கே பகலில் ஓர் ஆங்கிலத் தொடக்கப்பள்ளியிலும் சனிக்கிழமைகளில் தமிழ்ப் பள்ளியிலும் கற்பிக்கிறேன் என்பதால், அந்த நாத்தனார் சொன்னதைப் பற்றிச் சில செய்திகளைச் சொல்லலாம்.

ஆங்கில உலகில் இந்தச் சண்டை மிகப் பழையது. 1840-களிலேயே அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் மாநிலத்தில் கல்வித்துறையை நடத்திய ஹோரஸ் மான், உயிரற்ற எழுத்துகளைப் பிள்ளைமீது சுமத்தாமல் முழுச் சொற்களைக் கற்பிக்க வேண்டும் என்று வாதிட்டார். 20-ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் அமெரிக்கப் பள்ளிகளில் சொல்லை உருவமாகப் பார்த்து நினைவில் வைக்கும் முறை ஓங்கியிருந்தபோது, 1955-இல் ருடால்ஃப் ஃப்ளெஷ் அதைக் கடுமையாகத் தாக்கி நூல் எழுதினார். 1967-இல் ஜீன் சால் அதுவரை வந்த ஆய்வுகளைத் தொகுத்து, எழுத்துக்கும் ஒலிக்கும் உள்ள உறவைத் தொடக்கத்திலேயே முறையாகக் கற்பிப்பது மேலானது என்ற முடிவுக்கு வந்தார். அதே 1967-இல் கென்னத் குட்மன், வாசிப்பவர் ஒவ்வோர் எழுத்தையும் பார்ப்பதில்லை, பொருளையும் இலக்கணத்தையும் கொண்டு ஊகித்துச் செல்கிறார் என்று எழுதினார். அந்தக் கருத்திலிருந்து வளர்ந்த ‘முழுமொழி’ இயக்கம், தெரியாத சொல் வந்தால் படத்தைப் பார், முதல் எழுத்தைப் பார், எது பொருந்தும் என்று யோசி என்று பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுத்தது. கண்ணசைவை அளந்த பிற்கால ஆய்வுகள், நன்றாக வாசிப்பவர்களின் பார்வை பெரும்பாலான சொற்களில் நின்றே செல்கிறது என்றும், ஊகத்தை நம்புவது வாசிக்கத் திணறுபவர்களின் பழக்கம் என்றும் காட்டின. வாளியைப் ‘பக்கெட்’ என்று படித்த சிறுவன் அந்த ஊக முறைக்கு மிகச் சரியான சான்று: பொருளும் பொருந்துகிறது, இலக்கணமும் பொருந்துகிறது, ஆனால் அவன் எதையும் வாசிக்கவில்லை.

அமெரிக்க நாடாளுமன்றம் கேட்டுக்கொண்டபடி அமைக்கப்பட்ட தேசிய வாசிப்புக் குழு 2000-இல் அளித்த அறிக்கையும், இங்கிலாந்தில் 2006-இல் ஜிம் ரோஸ் அளித்த அறிக்கையும் முறையான ஒலிப்புக் கற்பித்தலின் பக்கம், அதாவது எழுத்துக்குரிய ஒலியைச் சொல்லிக் கூட்டிப் படிக்கும் முறையின் பக்கம், நின்றன. 2012 முதல் இங்கிலாந்தில் முதலாம் ஆண்டுப் பிள்ளைகளுக்கு 40 சொற்கள் கொண்ட ஒரு சோதனை நடக்கிறது; அவற்றுள் 20 பொருளே இல்லாத புனைசொற்கள். மனப்பாடமோ ஊகமோ அங்கே செல்லாது என்பதே அதன் நோக்கம். இதைத் தமிழில் நீங்களே வீட்டில் செய்து பார்க்கலாம். ‘டமிபா’, ‘கூளதி’, ‘பெமுகை’ என்று நான்கைந்து சொற்களை எழுதிக் கொடுத்துப் படிக்கச் சொன்னால், மகனுக்கு எந்தக் குறி தெரியவில்லை என்பது உடனே தெரிந்துவிடும்.

ஆனால் அந்த விவாதத்தை அப்படியே தமிழுக்குக் கொண்டுவர நான் துணியமாட்டேன். ஆங்கிலத்தில் ஒரே எழுத்துச்சேர்க்கை சொல்லுக்குச் சொல் வேறாக ஒலிக்கிறது. அதனால்தான் அங்கே இத்தனை பெரிய பூசல். தமிழில் எழுத்தைக் கற்பதே ஒலியைக் கற்பதாக அமைந்துவிடுகிறது. நமக்கு உள்ள சிக்கல் எழுத்துத் தொகுதியின் அளவும் குறிகளின் அமைப்பும்தான். நம்மைப் போன்ற எழுத்துமுறையே உடைய கன்னடத்தில் சோனாலி நாக் செய்த ஆய்வுகள், அசையைப் பற்றிய உணர்வு பிள்ளைகளுக்கு முன்பே வந்துவிடுகிறது, அசையைத் தனி ஒலிகளாகப் பிரிக்கும் திறன் மெல்லத்தான் வருகிறது, எழுத்துகளை முழுமையாகக் கைவரப் பெறுவது பல வகுப்புகளைக் கடந்தும் நீள்கிறது என்று காட்டுகின்றன. ஆகவே ‘க் + இ = கி’ என்று முதல் நாளிலேயே பிரித்துக் காட்டி அது புரியவில்லை என்று பதற வேண்டாம். க, கி இரண்டையும் பக்கத்தில் வைத்துக் கேட்கச் செய்யுங்கள். பிரித்தறிவது பின்னால் வரும்.

மறுமொழி – நூலகத் தோழி (மதுரை)

மேலே எழுதிய மூவரும் எழுத்தைப் பற்றியே பேசியிருக்கிறீர்கள். எங்கள் சிறுவர் நூலகத்துக்கு வரும் மூன்றாம், நான்காம் வகுப்புப் பிள்ளைகளில் பலர் எழுத்தெல்லாம் தெரிந்தவர்கள். ஒரு பக்கத்தைத் தடையில்லாமல் உரக்கப் படித்து முடிக்கிறார்கள். என்ன நடந்தது என்று கேட்டால் விழிக்கிறார்கள். இது எழுத்தறியாமையால் வருவதன்று.

நம் மொழிக்கே உரிய காரணம் ஒன்று இருக்கிறது. பிள்ளை வீட்டில் கேட்பது ‘மழ பேஞ்சுக்கிட்டு இருந்துச்சு’. புத்தகத்தில் இருப்பது ‘மழை பெய்துகொண்டிருந்தது’. அந்த நீண்ட சொல்லை எழுத்தெழுத்தாகக் கூட்டிப் படித்த பிறகும், அந்த உருவத்தை அது ஒருபோதும் காதால் கேட்டதில்லை என்றால் எதோடு இணைத்துப் பொருள் கொள்ளும்? 1986-இல் கஃப், டன்மர் என்னும் இரு ஆய்வாளர்கள், வாசித்துப் புரிந்துகொள்ளும் திறன் என்பது எழுத்தைச் சொல்லாக்கும் திறனையும் மொழியைக் கேட்டுப் புரிந்துகொள்ளும் திறனையும் பெருக்கிவரும் விளைவு என்றார்கள். கூட்டல் அன்று, பெருக்கல். ஒன்று சுழியானால் விடையும் சுழி. தமிழ்ப் பிள்ளைக்கு எழுத்துத் தமிழைக் கேட்ட பழக்கம் சுழிக்கு அருகில் இருக்கும்போது, மின்னட்டைகளை எத்தனை முறை புரட்டினாலும் கதை புரியாது.

ஆகவே இளவழகன் அவர்கள் ஊகத்தை முழுவதுமாகத் தள்ளிவிடுவதில் எனக்கு உடன்பாடில்லை. ‘நகம்’ என்பதில் வரும் க-வும் ‘கடல்’ என்பதில் வரும் க-வும் ‘தங்கம்’ என்பதில் வரும் க-வும் ஒரே எழுத்து, மூன்று ஒலி. பிள்ளை ‘நக்கம்’ என்பது போலத் தட்டுத் தடுமாறிச் சொல்லிவிட்டு, ‘ஓ, நகம்!’ என்று தானே திருத்திக்கொள்கிறது. அந்தச் சொல் முன்பே தெரிந்திருப்பதால்தான் அது முடிகிறது. நாள்தோறும் புத்தகத்திலுள்ள தமிழிலேயே, பேச்சுத் தமிழுக்கு மாற்றாமல், கதையை வாசித்துக் காட்டுங்கள். நாட்டுப்புறக் கதைகளையும் அப்படியே. இது படிப்புக்குப் பின் தரும் பரிசாக இருக்கக் கூடாது, இதுவும் பாடம்தான். முதல் வகுப்பில் எனக்கு ஒரு மணி நேரம் கொடுத்தால், பாதிக்கு மேல் இதற்கே ஒதுக்குவேன்.

மறுமொழி – செண்பகம்

தோழி சொன்ன பெருக்கல் கணக்கை முழு மனத்தோடு ஏற்கிறேன். ஆனால் அதே கணக்கை மறுபுறமும் பார்க்க வேண்டும். உங்கள் நூலகத்துக்குப் புத்தகம் தேடி வரும் பிள்ளைகள் எழுத்தைக் கடந்தவர்கள். என் வகுப்பில் பாதிப் பேர் அங்கே வந்தே சேர்வதில்லை. பிரதம் என்னும் கல்வித் தொண்டு அமைப்பு பிள்ளைகளின் கற்றல் நிலையை அளந்து வெளியிடும் ‘அசர்’ அறிக்கையின்படி, இந்தியக் கிராமப்புறங்களில் மூன்றாம் வகுப்புப் பிள்ளைகளுள் இரண்டாம் வகுப்புப் பத்தியை வாசிக்க முடிந்தவர்கள் 2018-இல் 27.3 விழுக்காடு, கொரோனாவுக்குப் பின் 2022-இல் 20.5 விழுக்காடு, 2024-இல் 27.1 விழுக்காடு. 2022-இல் தமிழ்நாட்டின் அளவு அந்தச் சராசரிக்கும் கீழே இருந்தது. தமிழ்நாடு அரசின் ‘எண்ணும் எழுத்தும்’ திட்டத்தில் பிள்ளைகளை அரும்பு (தொடக்க நிலை), மொட்டு, மலர் என்று நிலைவாரியாகப் பிரித்துக் கற்பிப்பதற்கு இதுவே காரணம். மூன்றாம் வகுப்பில் அமர்ந்திருந்தாலும் கி-யைத் தேடுகிற பிள்ளைக்கு அரும்பு நிலைப் பயிற்சிதான் வேண்டும். 2003-இல் சென்னை மாநகராட்சிப் பள்ளிகளில் தொடங்கிப் பின்னர் மாநிலம் முழுவதும் சென்ற செயல்வழிக் கற்றலிலும் பிள்ளை தன் ஏணிப்படியில் தன் வேகத்தில் ஏற வேண்டும் என்பதே அடிப்படை.

‘நகம்’ பற்றிச் சொன்னது மிகச் சரி. ஆனால் அது எழுத்தைப் படித்த பின் வரும் திருத்தம். எழுத்தைப் படிக்காமல் படத்தைப் பார்த்துச் சொல்லும் ஊகத்தோடு அதைச் சேர்க்கக் கூடாது. முதலாவதை ஊக்குவிக்கிறேன். இரண்டாவதைத் தடுக்க, பிள்ளை படிக்கும்போது படத்தை ஒரு தாளால் மூடிவிட்டு, படித்து முடித்ததும் திறந்து காட்டுகிறேன். கதை கேட்கும் நேரத்தில் படம் முழுவதும் திறந்தே இருக்கும். இரண்டும் வேறு வேறு நேரம். ஒன்றின் வேலையை மற்றொன்றிடம் கேட்கக் கூடாது.

பொன்னி

அனைவருக்கும் மனமார்ந்த நன்றி. மாமனாரிடம் ஐயாவின் மறுமொழியைப் படித்துக் காட்டினேன். மணலில் எழுதவைப்பது தன் பொறுப்பு என்று சொல்லிவிட்டார். புனைசொற்களைக் கொடுத்துப் பார்த்ததில், துணைக்காலும் மேல்விலங்கும் சரியாக வருகின்றன, உகரத்திலும் கொம்பிலும் தடுமாறுகிறான். இன்னும் ஒரே ஓர் ஐயம்: இப்படிப் பயிற்சி கொடுத்தும் வரவில்லை என்றால், எப்போது கவலைப்பட வேண்டும்?

மறுமொழி – செண்பகம்

துணைக்காலும் மேல்விலங்கும் வந்துவிட்டன என்றால் குறி என்பது என்ன என்று அவனுக்குப் பிடிபட்டுவிட்டது, அம்மா; உகரம் முதல் வகுப்பின் இறுதியில் தடுமாறுவது இயல்பே. கு, டு, மு, ரு வகையை மட்டும் முதலில் எடுத்து, ‘குடம்’, ‘முகம்’, ‘ஆடு’, ‘மாடு’ என்று அவன் வாயில் புழங்கும் சொற்களில் நிலைப்படுத்திவிட்டு, அடுத்த வகைக்குப் போங்கள்.

கவலைக்குரிய அறிகுறிகள் வேறு. நாள்தோறும் சிறிது நேரம் ஒழுங்காகப் பயிற்சி கொடுத்தும் இரண்டாம் வகுப்பின் நடுவில்கூட, முந்தைய நாள் நன்றாகத் தெரிந்த எழுத்து மறுநாள் புதிதாகத் தோன்றுவது, ‘படம்’ என்பதில் முதலில் வரும் ஒலியையும் ‘பழம்’ என்பதில் முதலில் வரும் ஒலியையும் கேட்டு ஒன்று என்று சொல்ல முடியாமல் இருப்பது, குடும்பத்தில் வேறு யாருக்கேனும் வாசிப்பில் இதே சிரமம் இருந்திருப்பது ஆகியவை சேர்ந்து காணப்பட்டால் காத்திருக்க வேண்டாம். முதலில் கண்ணையும் காதையும் பரிசோதித்துவிடுங்கள்; கரும்பலகை தெரியாத பிள்ளையை மந்தம் என்று ஒதுக்கிய கொடுமை நம் பள்ளிகளில் நிறைய நடந்திருக்கிறது. அவை சரியாக இருந்தால், கற்றல் குறைபாட்டை மதிப்பிடும் வல்லுநரிடம் அழைத்துச் செல்லுங்கள். 2016-ஆம் ஆண்டின் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் குறிப்பிட்ட கற்றல் குறைபாட்டையும் தன் பட்டியலில் சேர்த்திருக்கிறது. ஆகவே பள்ளியில் கூடுதல் உதவி கேட்பது உங்கள் மகனின் உரிமை. உங்கள் வட்டாரத்துக்குரிய சிறப்பாசிரியர் பள்ளிக்கு எந்த நாளில் வருகிறார் என்பதைத் தலைமையாசிரியரிடம் கேட்டு, தேவைப்பட்டால் அன்று அவரை நேரில் பாருங்கள்.